தள்ளுபடியான விபத்து வழக்கு: அக்கா கேஸை மறுபடி கோப்பில் ஏற்றுவது எப்படி?

வெள்ளகோவில் பக்கமிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். அவருடைய அக்கா வீட்டுக்காரர் 2017-ல் முத்தூர் ரோட்டில் மொபெட்டில் போகும்போது பின்னால் வந்த லாரி மோதி இறந்துவிட்டார். வயது 34, அரிசி ஆலையில் வேலை. அக்கா, இரண்டு குழந்தைகள், மாமியார் என நான்கு பேரும் சேர்ந்து 2018-ல் தாராபுரத்தில் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டார்கள். கொரோனாவுக்கு முன்னால் இரண்டு மூன்று வாய்தாவுக்குப் போனதோடு சரி. நடத்திய வக்கீல் 2023-ல் காலமாகிவிட்டார். "சாட்சி சொல்லும்போது கூப்பிடுகிறோம், அப்போது வந்தால் போதும்" என்று குமாஸ்தா முன்பு சொன்னதை நம்பி அக்கா காத்திருந்தார். போன வாரம் இந்தத் தம்பி செல்போனில் இ-கோர்ட்ஸ் செயலியில் தேடிப் பார்த்தபோது, 12.6.2024 அன்றே வழக்குத் தள்ளுபடி ஆகியிருப்பது தெரிந்தது. மாமியாரும் இடையில் தவறிவிட்டார். கேஸ் போனது போனதுதானா, புதிதாகப் போடலாமா என்பது கேள்வி.

தம்பி, முதலில் அக்காவிடம் போய் வழக்கு தோற்கவில்லை என்று சொல்லிவிடுங்கள். லாரிக்காரர் மேல் தப்பா இல்லையா என்று எந்த நீதிபதியும் இன்னும் பார்க்கவே இல்லை. பெயரைக் கூப்பிட்டபோது யாரும் வரவில்லை, அதனால் மூடி வைத்திருக்கிறார்கள். இதற்குப் பெயர் 'டிஃபால்ட்' தள்ளுபடி. ஈரோடு, திருப்பூர் பக்கத்துக் கோர்ட்டுகளில் 26 வருஷமாக இந்த எம்.சி.ஓ.பி. (மோட்டார் விபத்து நஷ்டஈடு) வழக்குகளைத்தான் நடத்திக்கொண்டிருக்கிறேன். இப்படி மூடியதைத் திரும்ப எடுத்த குடும்பங்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

ஆனால் செயலியில் காட்டும் ஒற்றை வரியை வைத்து எதையும் முடிவு செய்ய வேண்டாம். தள்ளுபடியில் பல வகை உண்டு. எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பப் பேட்டா (அதற்கான கோர்ட் கட்டணம்) கட்டாமல் விட்டாலும் தள்ளுபடிதான். இரண்டு பக்கமும் வராமல் போனால் ஒரு விதி, இன்சூரன்ஸ் வக்கீல் மட்டும் வந்திருந்தால் இன்னொரு விதி. சாட்சியெல்லாம் விசாரித்து, 'நிரூபிக்கவில்லை' என்று தீர்ப்பே எழுதியிருந்தால் அது முற்றிலும் வேறு பாதை. மோட்டார் வாகனச் சட்டம் 173-வது பிரிவில் 90 நாளுக்குள் உயர் நீதிமன்றத்துக்கு அப்பீல் போக வேண்டும். அதனால் முதல் வேலை, அந்த நாளின் டாக்கெட் உத்தரவுக்கு (வழக்குக் கட்டில் நீதிபதி எழுதிய சிறு உத்தரவு) நகல் மனு போட்டு, சான்றிட்ட நகல் வாங்குவது. நான்கு வரிதான் இருக்கும். மற்ற எல்லாமே அந்த நான்கு வரியைப் பொறுத்தது.

நீங்கள் சொல்வதைப் பார்த்தால் ஆஜராகாததால் ஆன தள்ளுபடி என்றுதான் தோன்றுகிறது. அப்படியானால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9-வது கட்டளைக்குள் வருவீர்கள். இரு தரப்பும் வரவில்லை என்றால் விதி 4, எதிர்த்தரப்பு மட்டும் வந்திருந்தால் விதி 9. எதுவானாலும் மீண்டும் கோப்பில் எடுக்கக் கேட்கும் மனுவுக்குக் கெடு, தள்ளுபடி ஆன நாளிலிருந்து 30 நாள். கால வரையறைச் சட்டத்தின் 122-வது இனம் அப்படிச் சொல்கிறது. பேட்டா கட்டாத தள்ளுபடிக்கும் அதே 30 நாள்தான். அது தாண்டிவிட்டால் அதே சட்டத்தின் 5-வது பிரிவில் தாமதத்தை மன்னிக்கும்படி ஒரு மனு சேர்த்துப் போட வேண்டும்.

உங்கள் கணக்கில் 30 நாள் 12.7.2024-ல் முடிந்துவிட்டது. 13.7.2024-லிருந்து மனு தாக்கல் செய்யும் நாள் வரை தாமதம். 2.2.2026 திங்கட்கிழமை தாக்கல் செய்தால் 570 நாள். இந்த எண்ணிக்கையை விரல் விட்டு எண்ணியாவது சரியாகப் போடுங்கள். ஒரு நாள் குறைவாகப் போட்டதற்காக மனு திரும்பி வந்து, திருத்தி மறுபடி போடுவதற்குள் இன்னொரு மாதம் ஓடியதைப் பார்த்திருக்கிறேன். (இதைப் படிக்கும் வேறு யாருக்காவது 15.3.2020-க்கும் 28.2.2022-க்கும் நடுவில் தள்ளுபடி ஆகியிருந்தால், கொரோனாவுக்காக உச்ச நீதிமன்றம் அந்த நாட்களைக் கெடுவில் சேர்க்க வேண்டாம் என்று சொல்லியிருக்கிறது. அதைக் கழித்துவிட்டு எண்ணுங்கள்.)

இனி முக்கியமான இடத்துக்கு வருகிறேன். இந்த மனுவின் உயிர் முழுக்க அக்கா கையெழுத்துப் போடும் பிரமாணப் பத்திரத்தில்தான் இருக்கிறது. நீதிபதி அதில் தேடுவது ஒன்றைத்தான்: அன்றைக்கு ஏன் வரவில்லை, அதற்குப் பிறகு இத்தனை நாள் ஏன் வரவில்லை. விபத்து எவ்வளவு கொடியது, குடும்பம் எப்படிக் கஷ்டப்படுகிறது என்று மூன்று பக்கம் எழுதிவிட்டு, வராததற்கு ஒரே வரியில் 'உடல்நிலை சரியில்லாததால்' என்று முடித்துவிடுகிறார்கள். நம் கோர்ட்டுகளில் காலங்காலமாக எழுதிவரும் காரணம் மஞ்சள் காமாலை. நாட்டு மருந்து சாப்பிட்டதாக எழுதினால் டாக்டர் சீட்டு கேட்க மாட்டார்கள் என்ற நினைப்பு. உண்மையிலேயே காமாலை வந்தவரைக் கூட இப்போது யாரும் நம்புவதில்லை. அக்காவுக்கு அப்படி எழுதித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். குறுக்கு விசாரணையில் முதல் கேள்வியிலேயே உடைந்துபோகும்.

திருச்செங்கோட்டுப் பக்கத்து அம்மா ஒருவருக்கு நான் நடத்திய மனுவைச் சொல்கிறேன். மகன் ரிக் வண்டியில் போர் போடும் வேலைக்கு வடக்கே போனவர், ஒரு முறை போனால் ஏழெட்டு மாதம் ஊர் திரும்ப மாட்டார். விபத்தில் இறந்தது அந்த மகனின் அப்பா. அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. கோர்ட்டுக்குக் கூட்டிப் போக மகனை விட்டால் ஆளில்லை. "ரசீது, சீட்டு எது இருந்தாலும் கொண்டு வாங்கம்மா" என்றேன். மறுநாள் ஒரு மஞ்சப்பையைக் கொண்டுவந்து மேஜையில் கொட்டினார். தினசரிக் காலண்டரில் கிழித்த தாள்கள். வாய்தா தேதி சொன்ன அன்றெல்லாம் பக்கத்து வீட்டுப் பிள்ளையை விட்டு, அந்தத் தாளின் பின்னால் பென்சிலில் 'கோர்ட்' என்று எழுத வைத்திருக்கிறார். பதினொரு தாள். பன்னிரண்டாவது வாய்தா யாரும் சொல்லவில்லை, அதனால் தாளும் இல்லை. கூடவே மகனுடைய ரயில் டிக்கெட்டுகள், ரிக் முதலாளி கொடுத்த சம்பளச் சீட்டு. பிரமாணப் பத்திரத்தில் அலங்காரமே செய்யவில்லை. எந்தத் தேதி வரை வந்தார், எந்தத் தேதி தெரியாமல் போனது, எப்படித் தெரிந்தது என்று வரிசையாக எழுதி, அந்தத் தாள்களையும் இணைத்தேன். 400 நாளுக்கு மேல் தாமதம். எதிர்த்தரப்பு வக்கீலே பெரிதாக எதிர்க்கவில்லை.

அக்காவுக்கும் உண்மையான காரணங்கள் இருக்கின்றன, அவை பலமானவையும் கூட. முதலாவது வக்கீலின் மரணம். வக்காலத்து வக்கீலோ கட்சிக்காரரோ இறக்கும் வரைதான் செல்லும் என்று நடைமுறைச் சட்டத்தின் 3-வது கட்டளை, விதி 4 சொல்கிறது. அவர் 2023-ல் காலமானார் என்றால் 12.6.2024 அன்று அக்காவுக்காகக் கோர்ட்டில் பேச ஆளே இல்லை. அது அக்காவின் அலட்சியம் ஆகாது. வக்கீலின் இறப்புச் சான்று நகலை அவர் வீட்டாரிடம் பணிவாகக் கேட்டு வாங்குங்கள். கிடைக்காவிட்டால் அங்குள்ள வக்கீல் சங்கத்தில் ஒரு கடிதம் கேட்கலாம். வீட்டாரிடம் போகும்போதே கேஸ் கட்டையும் கேட்டுவிடுங்கள். பழைய எஃப்.ஐ.ஆர்., பிரேதப் பரிசோதனை அறிக்கை, வாரிசுச் சான்று நகலெல்லாம் அதில் இருக்கும்.

இரண்டாவது முகவரி. மனுவில் எந்த முகவரி கொடுத்தார்கள், அக்கா இப்போது எங்கே இருக்கிறார்? நம் பக்கத்தில் ஊருக்குள் ஒரு வீடு இருக்கும், குடியிருப்பு தோட்டத்துச் சாளையில் இருக்கும். தபால் ஊருக்குள் மளிகைக் கடையோடு நின்றுவிடும். வீட்டுக்காரர் போன பிறகு அக்கா பிறந்த வீட்டுக்கு வந்துவிட்டார் என்றால் மாமனார் வீட்டு முகவரிக்கு வந்த எந்தக் கடிதமும் அவருக்குச் சேர்ந்திருக்காது. குடும்ப அட்டையில் பெயர் மாற்றிய தேதி, குழந்தைகளின் பள்ளி மாற்றுச் சான்று இரண்டும் இதற்குப் போதும். மூன்றாவது, தெரிந்த நாள். நீங்கள் செயலியில் பார்த்த தேதியை அப்படியே சொல்லி, அதிலிருந்து எத்தனை நாளில் நகல் மனு போட்டீர்கள் என்று காட்டுங்கள். தெரிந்த பிறகு சும்மா இருந்த ஒரு மாதம், தெரியாமல் போன ஒரு வருஷத்தை விடக் கெடுதல் செய்யும். அதனால்தான் அவசரப்படுத்துகிறேன்.

ஒரு எச்சரிக்கை. எல்லாப் பழியையும் காலமான வக்கீல் மேலும் குமாஸ்தா மேலும் போட்டு எழுதாதீர்கள். வக்கீல் தவறுக்குக் கட்சிக்காரர் தண்டனை அனுபவிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-லேயே சொல்லியிருப்பது உண்மைதான். ஆனால் 'வக்கீலிடம் கொடுத்தேன், அவர் சொல்லவில்லை' என்பதோடு நிற்கும் மனுக்களை இப்போது நீதிபதிகள் ஏற்பதில்லை. நீங்கள் எத்தனை முறை விசாரித்தீர்கள் என்று கேட்கிறார்கள். அக்கா போன் செய்திருந்தால், யாரையாவது அனுப்பிக் கேட்டிருந்தால் அதை எழுதுங்கள். செய்யவில்லை என்றால் அதையும் மறைக்காமல், 'கூப்பிடுவார்கள் என்று நம்பி இருந்தேன்' என்று எழுதுங்கள். நாள் கணக்கைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு சிவில் வழக்கில் 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் 1998-ல் மன்னித்தது. தாமதம் எவ்வளவு என்பதை விட, சொல்லும் காரணம் ஏற்கும்படி இருக்கிறதா என்றுதான் பார்க்க வேண்டும் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். அதற்கு முன்பே 1987-ல், ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் விளக்கம் கேட்பதை நடைமுறை அறிவோடு செய்ய வேண்டும் என்றும் சொல்லியிருக்கிறது. புது வக்கீலிடம் இவற்றைச் சொல்லத் தேவையில்லை, அவருக்குத் தெரியும். உங்கள் மனத் தைரியத்துக்காகச் சொல்கிறேன்.

இன்சூரன்ஸ் தரப்பு எதை வைத்து எதிர்க்கும்? முக்கியமாக வட்டி. இதைக் கணக்குப் போட்டே காட்டுகிறேன். மாத வருமானம் 10,000 என்று நீதிபதி எடுத்துக்கொள்வதாக வைத்துக்கொள்வோம். நிரந்தர வேலை இல்லாத, 40 வயதுக்குள் இருப்பவருக்கு எதிர்கால வருமான உயர்வாக 40 சதவீதம் சேர்க்கச் சொல்லி 2017-ல் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்திருக்கிறது. ஆக 14,000. நம்பியிருந்தவர்கள் நான்கு பேர், அதனால் அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 10,500. வருஷத்துக்கு 1,26,000. இதை இறந்தவரின் வயதுக்கு ஏற்ற ஒரு எண்ணால் பெருக்குவார்கள்; 34 வயதுக்கு அந்தப் பெருக்கு எண் 16. மொத்தம் 20,16,000 ரூபாய். துணையை இழந்ததற்கும் இறுதிச் சடங்குக்கும் தருவது தனி. நம் ஊரில் வழக்கமாகக் கொடுக்கும் ஏழரை சதவீத வட்டியில், இந்தத் தொகைக்கு வருஷத்துக்கு ஒன்றரை லட்சம் வட்டி ஏறும். தூங்கிக் கிடந்த காலத்துக்கும் நாங்கள் ஏன் வட்டி கட்ட வேண்டும் என்று அவர்கள் கேட்பதில் நியாயமும் இருக்கிறது.

ஆகவே என் யோசனை, பிரமாணப் பத்திரத்திலேயே 'தள்ளுபடி ஆன நாளிலிருந்து மீண்டும் கோப்பில் எடுக்கும் நாள் வரை வட்டி கோர மாட்டோம்' என்று ஒரு பாரா சேர்த்துவிடுங்கள். சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்புகளில் அந்தக் காலத்துக்கு வட்டி இல்லை என்று எழுதுவது வழக்கமாகவே இருக்கிறது. எப்படியும் போகப் போவதை முதலிலேயே விட்டுக்கொடுத்தால் எதிர்ப்பு பாதி அடங்கிவிடும். தாக்கல் செய்யும் நாள் வரைக்கும் கணக்குப் போட்டால் சுமார் இரண்டரை லட்சம் போகும். மனசு வலிக்கத்தான் செய்யும். ஆனால் 20 லட்சத்துக்கு வாசல் திறக்க அது தேவை.

புதிதாகப் போடலாமா என்ற கேள்விக்கு, என் பதில் வேண்டாம் என்பதுதான். நஷ்டஈட்டு வட்டி மனுப் போட்ட நாளிலிருந்து ஓடும். பழைய மனு உயிர் பெற்றால், தள்ளுபடி காலத்தைக் கழித்தாலும் 2018-லிருந்து கணக்கு. புது மனு என்றால் இன்றிலிருந்துதான், சுமார் ஆறு வருஷ வட்டியை நீங்களே தூக்கிப் போட்டதாகிவிடும். எதிர்த்தரப்பு வந்திருந்து ஆன தள்ளுபடி என்றால் அதே காரணத்துக்காகப் புது வழக்குப் போட விதி 9 தடையும் சொல்கிறது. 2019 திருத்தத்தில் கொண்டுவந்து 1.4.2022 முதல் நடைமுறைக்கு வந்த, விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும் என்ற கெடு வேறு இருக்கிறது. அந்தக் கெடுவைக் காட்டி மனுக்களைத் தள்ளுபடி செய்ய வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவு போட்டிருந்தாலும், இறுதித் தீர்ப்பை நம்பி அக்கா ஏன் காத்திருக்க வேண்டும்? பழைய வழக்கை மறைத்துப் புதிதாகப் போடலாம் என்று யாராவது சொன்னால் அந்தப் பக்கமே போகாதீர்கள்.

தாக்கல் செய்யும் முறை சுலபம்தான். புது வக்கீலுக்கு வக்காலத்து. பழைய வக்கீல் உயிரோடு இருந்தால் அவருடைய சம்மதம் வேண்டியிருக்கும், இங்கே அந்தச் சிக்கல் இல்லை. தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, கோப்பில் எடுக்க ஒரு மனு, இரண்டுக்கும் பிரமாணப் பத்திரம். மாமியார் இறந்துவிட்டதை அவருடைய இறப்புச் சான்றோடு முதலிலேயே கோர்ட்டுக்குத் தெரிவித்துவிடுங்கள். இறந்தவர் பெயரையும் சேர்த்து மனுப் போட்டால் பிறகு அதைச் சரிசெய்யவே இரண்டு வாய்தா போகும். மூத்த குழந்தைக்கு 18 முடிந்திருந்தால் அவரே கையெழுத்துப் போட வேண்டும். அப்புறம் லாரி உரிமையாளருக்கும் இன்சூரன்ஸுக்கும் நோட்டீஸ் போகும். பேட்டா கட்டினார்களா என்று நீங்களே கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

மனுவை அனுமதிக்கும்போது பெரும்பாலும் ஒரு தொகையைக் கட்டச் சொல்லி, அதற்கு ஒரு தேதியும் குறிப்பார்கள். இங்கேதான் பலர் தடுக்கி விழுகிறார்கள். என்னிடம் வந்த ஒரு குடும்பம், மனு 'அலோவ்ட்' என்று கேட்டதும் சந்தோஷமாக ஊருக்குப் போய்விட்டது. 15 நாளில் 2,000 ரூபாய் கட்ட வேண்டும் என்பது அவர்கள் காதில் விழவே இல்லை. பதினாறாம் நாள் மனு தானாகவே தள்ளுபடி. கெடுவை நீட்டிக்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 148-வது பிரிவில் இன்னொரு மனுப் போட்டு, ஆறு மாதம் அலைந்தோம். அன்று நான் வாயால் மட்டும் சொன்னேன், சீட்டில் எழுதிக் கொடுக்கவில்லை. அந்தத் தப்பு என்னுடையது. இப்போது யாராக இருந்தாலும் எழுதிக் கொடுத்துத்தான் அனுப்புகிறேன். உத்தரவு வந்த அன்றே கட்டி, ரசீதைக் கோர்ட்டில் தாக்கல் செய்யுங்கள்.

ஒருவேளை தாமதத்தை மன்னிக்க மறுத்துவிட்டால் பொதுவாக உயர் நீதிமன்றத்தில் சி.ஆர்.பி. (சீராய்வு மனு) போடுவோம். தாமதத்தை மன்னித்து, விதி 9-ல் போட்ட, கோப்பில் எடுக்கும் மனுவைத் தள்ளினால் சி.எம்.ஏ. (ஒரு வகை மேல்முறையீடு). உங்களுக்குச் சென்னை. பக்கத்துக் கரூர்க்காரர்களுக்கு மதுரைக் கிளை.

கேஸ் திரும்பக் கோப்பில் ஏறியதும் கோர்ட் பார்ப்பது இந்த முறையாவது நடத்துவார்களா என்பதைத்தான். அதனால் அக்காவின் சாட்சிப் பிரமாணத்தை இப்போதே தயார் செய்து வைத்துக்கொள்ளுங்கள். அரிசி ஆலையில் சம்பளம் கொடுத்தவர் இன்னும் இருந்தால் அவர் வந்து சொல்வாரா, மோதியதைப் பார்த்தவர் யார் என்று விசாரியுங்கள். ஒன்பது வருஷம் ஆகிறது, சாட்சிகள் வேலை தேடித் திருப்பூர், கோவை என்று கிளம்பியிருப்பார்கள்.

வக்கீலுக்குப் பணம் இல்லை என்று தயங்க வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமலே சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலம் இலவச வக்கீல் உண்டு. தாராபுரம் கோர்ட் வளாகத்திலேயே விசாரிக்கலாம், அல்லது 15100-க்குக் கூப்பிடலாம். வருகிற தொகையில் இத்தனை சதவீதம் என்று பேசிக்கொண்டு வீடு தேடி வருகிற தரகர்களிடம் வெற்றுத் தாளில் மட்டும் அக்காவைக் கையெழுத்துப் போட விடாதீர்கள். தொகையில் பங்கு பேசிக் கட்டணம் வாங்கவே வக்கீல்களுக்கு பார் கவுன்சில் விதி இடம் கொடுப்பதில்லை.

நாளைக்கே நகல் மனு போடுங்கள். எம்.சி.ஓ.பி. எண்ணும் தள்ளுபடி தேதியும் இருந்தால் போதும். நகல் கைக்கு வந்ததும் அந்த நான்கு வரியை எழுத்து மாறாமல் எனக்கு எழுதுங்கள். இன்சூரன்ஸ் வக்கீல் அன்று வந்திருந்தாரா என்று பார்த்து, எந்த விதியில் மனுப் போட வேண்டும் என்பதைச் சொல்கிறேன்.